காரப்புரத்துப் பாகன் மகன்

தசரா விழாவிற்கு ஏறக்குறைய இரு திங்கள் இருக்கும்போதே மைசூர் அரண்மனை வளாகத்திற்கு யானைகள் வந்துசேர்ந்துவிடும். காட்டு முகாம்களிலிருந்து அவற்றை வழியனுப்புவதையே ‘கஜபயண’ என்னும் பெயரால் ஒரு விழாவாக இந்நாட்டார் கொண்டாடுகின்றனர். மாலை வேளைகளில் குழந்தைகளை அழைத்துச் சென்று அந்த யானைகளைக் காட்டாத குடும்பம் நம் சங்கத்தில் அரிது. யானைகளுடன் பாகர்களும், அவர்க்குத் துணைபுரியும் காவடிகளும் மனைவி மக்களோடு வந்து அங்கேயே கொட்டகைகளில் தங்குகின்றனர். அப்பிள்ளைகளின் படிப்புக் கெடாதிருக்கத் தற்காலிகப் பள்ளி ஒன்றும் அங்கு நடத்தப்படுவதுண்டு. பலராமா, அர்ஜுனா, அபிமன்யு என்று அம்பாரி சுமந்த யானைகளின் பெயர்களை நம் வீட்டுப் பிள்ளைகள் தலைகீழாய் ஒப்பிப்பர். அந்த யானையின் பிடரியில் அமர்ந்திருப்பவர் பெயர் யாது என்று கேட்டால், பிள்ளைகள் மட்டுமன்றிப் பெற்றோரும் விழிப்போம்.

ஆயினும் மைசூர் நாட்டு யானைப்பாகர் குலத்தில் தோன்றிய ஒருவர் பெயரை மட்டும் ஒரு காலத்தில் உலகமே அறிந்திருந்தது. சாபு என்பது அப்பெயர். மேலைநாட்டுத் திரையில் முதன்முதலாகப் பெரும்புகழ் எய்திய இந்தியர் அவரே. வெள்ளித்திரையில் காட்டு மக்களின் உருவம் எவ்வாறு வரையப்பட்டது, அதில் ஒரு நடிகரின் பங்கு எத்துணையது என்னும் வினாவிற்கு அவர் வாழ்க்கையைவிடத் தக்க விடை வேறொன்று எனக்குத் தென்படவில்லை. மைசூரில் பல்லாண்டாய் வாழும் நம்மிற் பலர் அவரை அறியாதிருப்பதும் இக்கட்டுரைக்கு ஒரு காரணம்.

மைசூருக்குத் தென்மேற்கே, ஹெக்கடதேவனகோட்டை வட்டத்தில், கபினி ஆற்றங்கரையில் உள்ளது காரப்புரம். அங்கே 1924ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 27ஆம் நாள் ஓர் இசுலாமியப் பாகர் வீட்டில் சாபு பிறந்தார். சிறுவயதிலேயே தாயையும் தந்தையையும் இழந்தார். மன்னரின் யானைக் கொட்டிலே அவருக்கு வீடும் பள்ளியும் ஆயிற்று. பல நூல்களில் அவர் பெயர் ‘சாபு தஸ்தகீர்’ என்று காணப்படுகிறது. தஸ்தகீர் என்பது உண்மையில் அவருடைய தமையனார் பெயர். அயல்நாடு சென்ற சிறுவனின் தாள்களில் அண்ணன் பெயர் எவ்வாறோ ஒட்டிக்கொண்டது என்பர். பதிவேட்டில் ஒருமுறை பிழையாக ஏறிய பெயர் ஓய்வூதியத் தாள் வரையில் ஒருவரை விடாது தொடரும் என்பதை எம்போன்ற எழுத்தர்கள் நன்கறிவோம். சாபுவை அது கல்லறைக்கு அப்பாலும் தொடர்கிறது.

யானைத் தொழில் நம் இலக்கியத்திற்குப் புதிதன்று. முல்லைப்பாட்டில் வேந்தனின் பாசறையை வருணிக்கும் நப்பூதனார், கல்வியறிவில்லாத இளைஞர் சிலர் வடமொழிச் சொற்களைத் திரும்பத் திரும்பச் சொல்லி யானையைக் கவளம் உண்ணச் செய்வதைக் காட்டுகிறார். தாய்மொழி எதுவாயினும் யானையோடு பேசுவதற்கென ஒரு தனிமொழி பாகர்க்கு உண்டு. அது நாடு கடந்தும் குலம் கடந்தும் வழங்கும் தொழில்மொழி. ஏட்டுக்கல்வி பெறாத சாபு அறிந்திருந்த கல்வியும் அதுவே. பின்னாளில் அவர் பெற்ற புகழனைத்திற்கும் அடிப்படை அந்தக் கல்விதான் என்பதை நினைவிற் கொள்ள வேண்டுகிறேன்.

மைசூர்க் காட்டில் கெட்டா முறையால் யானைகளைக் கூட்டங்கூட்டமாகப் பிடிக்கும் வழக்கத்தை 1870களில் நிலைபெறச் செய்தவர் ஜி. பி. சாண்டர்சன் என்னும் ஆங்கிலேயர். இங்கு அவர் பெற்ற பட்டறிவை 1878இல் நூலாகவும் எழுதினார். ருட்யார்டு கிப்ளிங் 1894இல் வெளியிட்ட காட்டுக்கதைத் தொகுதியில், தூமாய் என்னும் பாகச் சிறுவன் கதை ஒன்றுண்டு. அதில் வரும் யானைப்பிடி அதிகாரி பீட்டர்சன் துரைக்கு மாதிரி சாண்டர்சனே என்று சொல்வர். கதை நிகழும் களம் வடகிழக்கேயுள்ள காரோ மலை. எனினும் அக்கதையைப் படமெடுக்க வந்தவர்கள் மைசூருக்கே வந்தது ஒருவகையில் பொருத்தந்தான். காகனகோட்டைக் காட்டில், யானைக் கூட்டத்தைக் கபினி ஆற்றில் இறக்கிக் கரையேற்றி வளைக்குள் செலுத்தும் காட்சி அரசப் பிரதிநிதிகளும் காணவிரும்பிய பெருங்காட்சியாய் இருந்தது.

படமெடுக்க வந்தவர் இராபர்ட் பிளாஹர்ட்டி. இவர் யார் என்பதைச் சற்று விரித்துரைக்க வேண்டும். வடதுருவத்தை அடுத்த பனிநிலத்தில் வாழும் இனுவிட் மக்களைப் பற்றி 1922இல் இவர் எடுத்த ‘நானூக்’ என்னும் மௌனப்படம், ஆவணப்படங்களுக்கெல்லாம் மூதாதை எனப் போற்றப்படுவது. பழங்குடி மக்களையே, அவர்தம் நிலத்திலேயே, அவர்தம் தொழிலைச் செய்யவிட்டுப் படமெடுக்கும் முறைக்கு அது வழிகாட்டிற்று. ஆனால் அந்த உண்மையிலும் ஒரு புனைவு கலந்திருந்தது. நானூக்காக நடித்தவரின் இயற்பெயர் அலாக்கரியாலக். அக்காலத்திலேயே அம்மக்கள் வேட்டைக்குத் துப்பாக்கியைக் கையாண்டு வந்தனர். பிளாஹர்ட்டியோ பழைய எறியீட்டியைத்தான் எடுக்கச் சொன்னார். தம் வாழ்வில் மறைந்துவந்த ஒன்றை மறையாததுபோல் நடித்துக் காட்டும் கடமை, திரையில் தோன்றிய அந்த முதல் பழங்குடி நாயகர் மீதே சுமத்தப்பட்டது. உண்மை மனிதர், உண்மை நிலம், உண்மைத் தொழில், ஆனால் வெளியூரான் விரும்பிய காலம்: பிளாஹர்ட்டியின் சூத்திரத்தை இவ்வாறு சொல்லலாம்.

இந்தச் சூத்திரத்துடன் 1935இல் அவர் மைசூர் வந்தார். அனுப்பியவர் லண்டனில் படநிறுவனம் நடத்திவந்த அங்கேரியர் அலெக்சாண்டர் கோர்டா. நால்வடி கிருஷ்ணராஜ உடையார் ஆட்சிக்காலம் அது. மன்னரின் ஆதரவால் தங்குவதற்குச் சித்தரஞ்சன் மகால் கிடைத்தது; படமெடுக்க யானைகளும் கிடைத்தன. (அந்த மகாலின் வளாகமே பிற்காலத்தில் பிரீமியர் ஸ்டூடியோவாயிற்று. 1989இல் திப்புவைப் பற்றிய தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பில் தீ மூண்டு 62 பேர் உயிரிழந்த துயரத்தை மைசூரில் முதியவர்கள் இன்னும் மறக்கவில்லை.) தூமாய் வேடத்திற்குச் சிறுவனைத் தேடியபோது, யானைக் கொட்டிலில் இருந்த சாபு கண்ணிற்பட்டார். அப்போது வயது பதினொன்று.

1937இல் வெளிவந்த ‘யானைச் சிறுவன்’ படத்தை இன்று பார்ப்பவரும் ஒன்றைக் காணலாம். ஐராவதம் என்னும் அரண்மனை யானை, கதையில் காலாநாகமாக வருகிறது. சாபு அதனை ஆற்றில் தேய்த்துக் குளிப்பாட்டும்போதும், அதன் துதிக்கை தூக்கிவிட மேலேறி அமரும்போதும், அங்கே நடிப்பு என்று எதனையும் பிரித்துக் காட்ட இயலாது. கை அறிந்ததைக் கை செய்கிறது. காதருகே சொல்லும் சொல்லை யானை கேட்கிறது. ஆங்கில வசனம் பேசும்போது மட்டும் அச்சிறுவன் கடன் வாங்கிய சட்டை அணிந்தவன்போல் தோன்றுகிறான். வெனிசு திரைப்பட விழாவில் அவ்வாண்டு இயக்கத்திற்கான பரிசு இப்படத்திற்குக் கிட்டியது.

பரிசு பெற்றவர் இருவர்: பிளாஹர்ட்டி ஒருவர், கோர்டாவின் தம்பி சோல்டான் மற்றொருவர். இதில்தான் கதை இருக்கிறது. மைசூரிலிருந்து சென்ற படச்சுருள்களில் காட்டின் அழகு இருந்ததேயன்றிக் கதை போதவில்லை என்று லண்டனில் கருதினர். எனவே சாபுவை இங்கிலாந்துக்கு வரவழைத்து, டென்ஹாம் படப்பிடிப்பு நிலையத்தில் எஞ்சிய காட்சிகளைச் சோல்டான் எடுத்தார். தூமாயின் தந்தையாக ஹாலோவே, தடமறிவோரின் தலைவன் மச்சுவா அப்பாவாக ஆலன் ஜேயெஸ் என வெள்ளை நடிகர்களே இந்திய வேடங்களைப் பூண்டனர். முகத்திலும் கையிலும் மாநிறச் சாயம், தலையில் முண்டாசு. ஆக, ஒரே படத்தில் பாகன் மகன் உண்மைப் பாகன் மகன். அவனைப் பெற்ற பாகனோ சாயம் பூசிய ஆங்கிலேயன்!

காகனகோட்டைக் காட்டில் யானைத் தடம் அறிந்தவர் யாவர்? காட்டுக் குருபர் என்று இங்கே வழங்கப்பெறும் ஜேனு குருபரும் பெட்ட குருபரும் ஆவர். ஜேனு என்றால் கன்னடத்தில் தேன். பெட்ட என்றால் மலை. தேன் குறும்பர், மலைக் குறும்பர் என்று நாம் தமிழாக்கிக் கொள்ளலாம். கெட்டாவின்போது நாட்கணக்கில் காட்டிற்குள் நின்று, கூட்டம் எத்திசையில் மேய்கிறது, எவ்வழியில் ஆற்றிற்கு இறங்கும் என்று உரைத்து, பறையொலியாலும் தீயாலும் அவற்றை ஓட்டிவந்தோர் அவர்களே. வளைக்குள் புகுந்தபின் கும்கி யானைகளின் மீதிருந்து கயிறிடும் வேலை பாகருடையது. பாகருள் இசுலாமியரும் உண்டு, குருபரும் உண்டு. படத்தில் கெட்டாக் காட்சி மெய்யாகவே எடுக்கப்பட்டது. படத்தைப் பற்றிய குறிப்புகளில் ஐராவதத்தின் பெயரைக் காண்கிறோம். காட்டை அறிந்த குருபர் பெயர் ஒன்றையும் காணோம். தடமறியும் தலைவனாக வசனம் பேசியவரோ லண்டன் நாடகமேடையினர்.

சாபு பழங்குடியினர் அல்லர் என்பதையும் இங்கே மறைக்கலாகாது. அவர் பாகர் குலத்தவர். குருபரோடு ஒரே காட்டில், ஒரே யானைகளோடு வாழ்ந்தவர். ஆனால் மேலைநாட்டார் கண்ணுக்கு அந்த வேறுபாடு தெரியவுமில்லை, வேண்டியிருக்கவுமில்லை. அவர்களுக்கு அவர் ‘காட்டின் மகன்’. அந்த முகத்தைக் கொண்டு உலகத்தின் எந்தக் காட்டையும் எந்தப் பாலைவனத்தையும் நிரப்பலாம் என்று கண்டுகொண்டனர்.

அடுத்து வந்த படம் ‘முரசு’ (1938). வடமேற்கு எல்லையில் ஆங்கிலேயரிடம் பற்றுக்கொண்ட இளவரசனாகச் சாபு நடித்தார். கொடிய இளவரசனாக வந்தவர் சாயம் பூசிய இரேமண்டு மாசி. பம்பாயில் இப்படம் திரையிடப்பட்டபோது மக்கள் கொதித்தெழுந்தனர், படம் நிறுத்தப்பட்டது. நாட்டு விடுதலை இயக்கம் ஓங்கியிருந்த காலத்தில் அந்தச் சினம் இயல்பே. ஆனால் சினத்தின் ஒரு பகுதி பதினான்கு வயதுச் சிறுவன்மேலும் விழுந்தது என்று எண்ணும்போது எனக்கு வருத்தமே மிகுகிறது. கதையை எழுதியவர் வேறு, எடுத்தவர் வேறு, ஆதாயம் அடைந்தவர் வேறு.

இதே கோர்டா நிறுவனத்தில் ஒளிவீசிய மற்றொருவர் மெர்லி ஓபரான். 1911இல் பம்பாயில் பிறந்து கல்கத்தாவில் வளர்ந்தவர். 1939இல் அலெக்சாண்டர் கோர்டாவையே மணந்தவர். தம் உடலில் இந்தியக் குருதி ஓடுவதை உலகறியாமல் மறைத்து, தாஸ்மேனியாவில் பிறந்ததாகச் சொல்லிக்கொண்டே அவர் ஆங்கிலச் சீமாட்டி வேடங்களை ஏற்றார். ஒரே கூரையின்கீழ் இரண்டு இந்தியர். ஒருவர் இந்தியர் என்பதை மறைத்தால்தான் வேடம். மற்றவர் இந்தியர் என்பதைச் சட்டையைக் கழற்றிக் காட்டினால்தான் வேடம்! இவ்விருவரையும் ஒருசேர நினைக்குந்தோறும், இருவரில் யார் மிகுதியாக இழந்தார் என்று என்னால் சொல்ல முடிந்ததில்லை.

‘பாக்தாத் திருடன்’ (1940) சாபுவின் படங்களுள் இன்றும் சலிப்பின்றிப் பார்க்கத்தக்கது. போரினால் லண்டனில் தொடரமுடியாமல் அமெரிக்காவில் முடிக்கப்பட்ட படம் அது. அதில் பூதமாக வரும் கறுப்பின நடிகர் ரெக்ஸ் இங்கிராமும் திருட்டுச் சிறுவனாக வரும் சாபுவும் ஒருவரையொருவர் ஏய்க்க முயலும் காட்சிகளில் ஓர் உயிர்ப்பு உண்டு. படத்தின் காதல், அரசு, மணிமுடி யாவும் வெள்ளை நடிகர்களுக்கு. நகைச்சுவையும் வீரமும் நிறமுடைய இவ்விருவர்க்கும். பார்வையாளர் நெஞ்சில் நின்றவர்கள் பின்னவரே.

1942இல் கிப்ளிங்கின் மௌக்லியாக நடித்தார். மத்திய இந்தியக் காட்டைக் கலிபோர்னியாவில் நட்டு வளர்த்தனர். காரப்புரத்துக் காட்டிலிருந்து போனவர் பொய்க்காட்டில் ஓநாய் வளர்த்த பிள்ளையானார். அதன்பின் அரபுக் கதைகள், கற்பனைத் தீவுகள், நாகராணிகள் என்று வண்ணப்படங்கள் வரிசையாக வந்தன. மரியா மாண்டெசும் ஜான் ஹாலும் காதலர். சாபு அவர்களின் துணைவன். இவற்றைப் பற்றி மேலும் எழுத ஒன்றுமில்லை.

1947இல் வந்த இரு படங்களைப் பற்றி எழுதத்தான் வேண்டும். ‘ஆற்றின் முடிவு’ என்னும் படத்தில் அவர் அமேசான் காட்டுப் பழங்குடி இளைஞர் மனுவேல். காட்டிலிருந்து துரத்தப்பட்டு, நகரத்தில் உழன்று, கொலைவழக்கில் நீதிமன்றக் கூண்டில் நிற்கும் பாத்திரம். பிரேசிலுக்கே சென்று படமெடுத்தனர். ஆனால் அந்நாட்டு மண்ணின் மைந்தர் ஒருவர்க்கு அவ்வேடத்தை அளிக்கவில்லை. தென்னமெரிக்கக் காட்டு மகனாக நடிக்க மைசூர்க் காட்டு மகன் போதும் என்றெண்ணினர் போலும். எவருக்குரிய இடத்தைச் சாயம்பூசிய வெள்ளையர் பறித்தனரோ, அவரே இன்னொரு பழங்குடியாரின் இடத்தில் நிறுத்தப்பட்டார். குற்றம் அவருடையதன்று, எனினும் அவரைக் கொண்டே அது செய்யப்பட்டது. மற்றொன்று ‘கருநார்சிசஸ்’. இமயமலைக் கதை, எடுத்த இடம் லண்டனை அடுத்த பைன்வுட். முதன்மை இந்திய வேடங்களில் சாபு ஒருவரே மெய்யான இந்தியர். அவர் காதலிக்கும் மலைப்பெண்ணாக வந்தவர் மாநிறம் பூசிய ஜீன் சிம்மன்ஸ்.

சாபுவை வெள்ளையர்க்கு ஆடிய பொம்மை என்று தூற்றுவாரும் உளர்; உலகை வென்ற இந்தியர் என்று கொண்டாடுவாரும் உளர். இரு திறத்தாருடனும் எனக்கு உடன்பாடில்லை. எங்கே அவரைத் தம் தொழிலைச் செய்யவிட்டார்களோ, அங்கே ஒரு மக்கள் கூட்டத்தின் அறிவு திரையேறியது. எங்கே அவரது நிறமும் வெற்றுடம்பும் மட்டும் போதுமென்று கருதினார்களோ, அங்கே அவரும் சாயம் பூசியவர்களோடு சேர்ந்து ஒரு வேடக்காரர் ஆனார். முதல் படத்தில் கிடைத்த அந்த இடம் பின்வந்த படங்களில் முழுமையாகத் திரும்பக் கிடைக்கவேயில்லை.

இது நமக்கும் அயலான செய்தியன்று. பிழைப்பு நாடி வெளியூர் சென்றவனுக்கு அவ்வூரார் ஒரு வேடத்தை முன்னரே தைத்து வைத்திருப்பர். ‘படோசன்’ (1968) என்னும் இந்திப் படத்தில் மெகமூது பூண்ட ‘மதராசி’ இசையாசிரியர் வேடத்தைக் கண்டு வடநாட்டார் சிரித்தபோது, தில்லியிலும் பம்பாயிலும் இருந்த நம்மவர் சிலர் கூடச் சிரித்தனர், சிலர் நெளிந்தனர். சிரித்தவர்கள் அனைவரும் மகிழ்ந்துதான் சிரித்தனர் என்று சொல்ல இயலுமா?

திரைக்கு வெளியே சாபு தமக்கென ஏற்ற வேடங்கள் வேறு. இந்தியர் அமெரிக்கக் குடியுரிமைக்குத் தகுதியற்றவர் என்று பகத்சிங் திந்த் வழக்கில் 1923இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. அத்தடையைப் பொதுவாக நீக்கிய சட்டம் 1946இல்தான் வந்தது. சாபுவோ 1944இலேயே குடிமகனானார். அமெரிக்க விமானப்படையில் சேர்ந்து, குண்டுவீச்சு விமானத்தில் சுடுநராகப் பசிபிக் போர்முனையில் பறந்து, சிறப்புப் பறப்புச் சிலுவை என்னும் விருதையும் பெற்றார். யானைப் பிடரியில் தொடங்கிய வாழ்வு விமானத்தின் பீரங்கிக் கூண்டு வரை சென்றது. போருக்குப்பின் படங்கள் குறைந்தன. 1950களில் லண்டனில் சர்க்கஸ் அரங்கில் யானைகளோடு தோன்றினார். இத்தாலியில் டி சிகாவுடன் ஒரு படத்தில் நடித்தார். அதிலும் யானை உண்டு.

தாயகம் அவரை அழைத்ததும் ஒருமுறை நிகழ்ந்தது. மெகபூப் கான் தம் ‘மதர் இந்தியா’வில் பிர்ஜு வேடத்திற்குச் சாபுவை எண்ணி, அவரும் பம்பாய் வந்து தங்கினார். படம் தள்ளிப்போயிற்று, அமெரிக்கக் குடிமகனான அவர்க்கு இங்கே பணிபுரிய அனுமதி பெறுவதும் எளிதாயில்லை. 1957இல் படம் வெளிவந்தபோது பிர்ஜுவாக நின்றவர் சுனில் தத். அயல்நாட்டில் அவரை இந்தியர் என்பதற்காகவே அழைத்தனர்; இந்தியாவில் அவர் அயல்நாட்டார் ஆனார். இந்தியப் படம் ஒன்றிலேனும் நடிக்காமலேயே, 1963ஆம் ஆண்டு திசம்பர் 2ஆம் நாள், தம் முப்பத்தொன்பதாம் வயதில், மாரடைப்பால் லாஸ் ஏஞ்சல்சை அடுத்த சாட்சுவொர்த்தில் காலமானார். மறைவிற்குப் பின் 1964இல் வந்த கடைசிப் படத்தில் அவர் ஏற்ற வேடம் விலங்குப் பயிற்சியாளர் ராம்சிங்.

அவர் விட்டுச்சென்ற காட்டிலும் மாறுதல்கள் நேர்ந்தன. 1971இல் காகனகோட்டையில் கடைசிக் கெட்டா நடைபெற்றது. 1974இல் கபினி அணை முடிந்து, கெட்டா நடந்த நிலப்பரப்பு நீருள் மூழ்கிற்று. நாகரஹொளெ வனவிலங்குக் காப்பிடமாகவும் பின்னர்த் தேசியப் பூங்காவாகவும் ஆனபோது, குருபர் குடும்பங்கள் பல காட்டைவிட்டு வெளியேற்றப்பட்டன. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின்கீழ் அவர்தம் கோரிக்கைகள் நீண்டுகொண்டிருக்கின்றன. காரப்புரத்தில் இன்று சுற்றுலா விடுதிகள் உள்ளன.

அம்மக்களைக் கதைமாந்தராக்கிய பெருமை கன்னட எழுத்தாளர் மாஸ்தி வெங்கடேச ஐயங்காருக்கு உரியது. வீட்டில் தமிழ் பேசிய குடும்பத்தில் பிறந்து கன்னடத்தின் பெருஞ்செல்வமானவர் அவர் என்பதில் நமக்கு ஒரு தனி மகிழ்ச்சி உண்டு. அவருடைய ‘காகன கோட்டெ’ நாடகத்தை 1977இல் சி. ஆர். சிம்மா படமாக்கினார், லோகேஷ் முதலான தேர்ந்த நாடக நடிகர் அதில் நடித்தனர். குருபர் அங்கே கூட்டத்து நிழல்களாயில்லாமல், அறிவும் மானமும் உடைய மாந்தராய் வருகின்றனர். ஆயினும் வேடம் பூண்டவர் நகரத்தார். 2021இல் வந்த நம் ‘ஜெய்பீம்’ படத்திற்கும் இது பொருந்தும். இருளர் வாழ்வை நெஞ்சுருகக் காட்டிய லிஜோமோள் ஜோசும் மணிகண்டனும் அம்மக்களுடன் பழகிக் கற்றே நடித்தனர். அவர்கள் நடிப்பை நான் குறைகூறேன். என் கண்களும் கலங்கின. ஆனாலும் அந்த இடத்தில் ஓர் இருளர் நடிகர் நிற்கும் நாள் எது என்னும் எண்ணம் எழாமற் போகவில்லை.

பழங்குடிச் சிறுவனே நடித்த நிகழ்ச்சியும் நமக்கு அண்மையிலேயே உண்டு. வயநாட்டுச் சிறுவன் மணி 2006இல் ‘போட்டோகிராபர்’ என்னும் மலையாளப் படத்தில் மோகன்லாலுடன் நடித்துக் கேரள அரசின் சிறந்த குழந்தை நட்சத்திர விருதைப் பெற்றான். அடுத்த படம்? பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 2018இல், ‘உடலாழம்’. இடைப்பட்ட காலத்தில் அவர் கூலிவேலை செய்து வாழ்ந்தார். சாபுவிற்கு வேடங்கள் பொய்யாக வந்தன. மணிக்கு வேடங்களே வரவில்லை.

முதுமலைத் தெப்பக்காட்டு முகாமில் எடுக்கப்பட்டு 2023இல் ஆஸ்கர் விருது பெற்ற கார்த்திகி கொன்சால்வெசின் குறும்படத்தை நம்மிற் பலர் கண்டிருப்பர். நாகரஹொளெக் காட்டின் தொடர்ச்சியே அக்காடு. ஜேனு குருபரோடு உறவுடையோர் எனக் கருதப்படும் காட்டுநாயக்கரான பொம்மனும் பெள்ளியும், யானைக்குட்டி ரகுவை வளர்த்த தம் கதையில் தாமாகவே, தம் பெயருடனேயே தோன்றுகின்றனர். முகத்தில் சாயமில்லை, கடன்வாங்கிய வசனமில்லை, அவர்கள் பேசுவதைக் கேட்டுக்கொண்டு அமர்ந்திருப்பதே நம் வேலை. 1935இல் கபினிக் கரையில் பிளாஹர்ட்டி தொடங்கி, டென்ஹாமில் கைநழுவிய ஒன்று, எண்பது ஆண்டுகளுக்கு மேல் கழித்து அதே காட்டின் மறுகோடியில் நிறைவேறியதாக எனக்குத் தோன்றியது. படம் முடிந்தபின் அவர்கள் வாழ்வு எங்ஙனம் செல்கிறது என்பது வேறு கேள்வி. மணியை அறிந்தவர்கள் அதனைக் கேட்காமலிரார்.

‘யானைச் சிறுவன்’ படத்தின் தொடக்கத்தில் சாபு தனியே நின்று, பார்ப்போரை நோக்கி நேராகப் பேசுகிறார். யானையுமில்லை, காடுமில்லை, மழலை மாறாத ஆங்கிலத்தில் ஒரு சிறுவன் சிரித்தபடி கதை சொல்கிறான். அண்மையில் ஒருநாள் அதனை வீட்டில் பார்த்தபின், மறுநாள் மாலை அரண்மனைக்குச் சென்றேன். தொட்டியருகே ஒரு பாகர் யானையைத் தேய்த்துக்கொண்டிருக்க, அவர் மகன் வாளியால் நீர் ஊற்றிக்கொண்டிருந்தான். என் அரைகுறைக் கன்னடத்தில் பெயர் கேட்டேன். முதலில் யானையின் பெயரைச் சொன்னான். “உன் பெயர்?” என்று மீண்டும் கேட்டேன். வாளியைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னான்.